அக்கினியம்மாவுக்கு ஒன்ஸ்மோர்

நள வருஷம், தை 6. திருக்கோவிலூர்

பெண்ணையாற்று மணலில் கொட்டகை போட்டு இன்றோடு மூன்று நாள். ஆறு எங்கோ ஓரமாக ஒரு வேட்டி அகலத்துக்கு ஓடுகிறது, மீதியெல்லாம் மணல். சோற்றில் மணல், பாயில் மணல், காதுக்குள் மணல். முதலாளி மரைக்காயர் மட்டும் "காத்தோட்டமான எடமப்பா" என்கிறார். அவர் சாப்பாடு ஊருக்குள் சத்திரத்தில்.

கையில் இருப்பது ஒரே படம். சண்டை நடப்பதால் சீமையிலிருந்து கப்பல்கள் ஒழுங்காக வருவதில்லை. அடுத்த பெட்டி மாசி பிறந்துதான் வரும் என்று தந்தி. அதுவரை இதை வைத்தே காலம் தள்ள வேண்டும்.

டென்மார்க் என்றொரு தேசமாம், அங்கே எடுத்த படம். கதாநாயகியின் பெயர் அக்னெத்தெ ரோஸ்கேர் என்று பெட்டியில் ஒட்டியிருக்கிறது. மெஷின் சுற்றுகிற சவரிராயன் புதுச்சேரிக்காரன், அவன்தான் எழுத்துக்கூட்டிச் சொன்னான். ஜனங்கள் வாயில் அது அக்கினியம்மா ஆகிவிட்டது.

படத்துக்கு வாய் கிடையாது. வாய் நான்தான். திரைத்துணிக்குப் பின்னால் முக்காலி போட்டு உட்கார்ந்து, தகரக் கூம்பு வழியாகக் கதை சொல்கிறேன். மற்ற கொட்டகைகளில் வசனக்காரன் கோலை ஊன்றிக்கொண்டு முன்னால் நிற்பான். எனக்குப் பின்பக்கம்தான் சௌகரியம், வெளிச்சத்தில் கண் கூசாது.

கதை இதுதான். கலங்கரை விளக்கக் காவல்காரனின் மகளை ஒரு கப்பல்துரை காதலித்துக் கைவிட்டுப் போகிறான். ஐந்தாவது சுருளில் அவள் கோபுரத்து உச்சியிலிருந்து குதித்துச் சாகிறாள். நடிப்பு? சுமார். அழும்போது மாரில் அடித்துக்கொள்வதில்லை. கூந்தலை அவிழ்ப்பதில்லை. இடக்கைக்காரி வேறு. நானாக இருந்தால் அந்தக் கோபுரத்தில் ஏறுவதற்கே மூன்று பாட்டுப் பாடியிருப்பேன். இவள் சும்மா நின்று கடலைப் பார்க்கிறாள். மூன்று நாளும் அந்த இடத்தில் எனக்குக் கண் கலங்குகிறது. மணல் தூசிதான், வேறென்ன.

தை 7

காலையில் மிளகும் பனங்கற்கண்டும் வாயில் அடக்கிக்கொண்டேன். அதுவும் தூசிக்காகத்தான்.

தை 9

கூட்டம் தேய்கிறது. பெண்கள் பக்கம் டிக்கெட் கிழிக்கிற குப்பம்மாள்தான் நமக்கு உளவாளி. ஐம்பது வயது, வாய் மட்டும் பதினாறு. அவளிடம் காரணம் கேட்டேன்.

"ஏன் சாமி, காடு கழனியெல்லாம் வேலை செஞ்சுட்டு, மாட்டுக்குத் தண்ணி காட்டிட்டு, புள்ளைய இடுப்புல தூக்கிக்கினு மூணு கல்லு நடந்து வர்றாளுவ. வந்தா நீ என்னா காட்டுற? ஒரு பொண்ணு சாவுறத! அத எங்க தெருவுலயே பாத்துக்க மாட்டாளா?"

"கதை அப்படி அம்மா. நான் என்ன செய்ய?"

"கதைய நீதானே சொல்ற? சாவாதேன்னு சொல்லு."

இவளிடம் பேசி ஜெயிக்க முடியுமா!

தை 10

கிழிந்தது போ. அக்கரையில் நாடகக் கொட்டகை எழும்புகிறது. பத்து மாட்டுவண்டி, பெட்டி படுதா, ஆர்மோனியம், ராஜா சிங்காசனம் எல்லாம் வந்து இறங்குகின்றன. எந்தக் கம்பெனி என்று சவரிராயன் போய் விசாரித்து வந்தான். தாண்டவராய வாத்தியார் கம்பெனி.

எனக்கென்ன வந்தது? யார் வேண்டுமானாலும் வரட்டும்.

ஆனாலும் எழுதி வைக்கிறேன், வேறு யார் படிக்கப் போகிறார்கள். அந்தக் கம்பெனியில் நான் பதினோரு வருஷம் ஸ்திரீபார்ட். 'கோகிலம் வேதகிரி' என்று நோட்டீஸில் கொட்டை எழுத்தில் போடுவார்கள். என் புடவைக் கட்டைப் பார்த்துத் தங்கள் கட்டைத் திருத்திக்கொண்ட குடும்பப் பெண்கள் உண்டு. நாலு வருஷத்துக்கு முன் விழுப்புரத்தில் விஷக்காய்ச்சல். எழுந்து மேடைக்குப் போனேன். மேல்ஸ்தாயியில் குரல் கீச்சென்று கிழிந்தது. ஒருவன் சிரித்தான். அப்புறம் கொட்டகையே சிரித்தது. மறுநாள் வாத்தியார் கையில் வழிச்செலவைக் கொடுத்து, "கொஞ்ச நாள் வீட்ல இருடா" என்றார். கொஞ்ச நாள் இன்னும் முடியவில்லை.

பிறகு மீசை வளர்த்தேன். இங்கே மரைக்காயருக்கும் சவரிராயனுக்கும் மட்டுமே என் பெயர் தெரியும். மற்றவர்களுக்கு நான் வசனக்காரர்.

தை 11

இருபத்து மூன்று பேர். அதில் இரண்டு பேர் தூங்கினார்கள்.

மரைக்காயர் என்னைக் கூப்பிட்டு உட்கார வைத்தார். கோபித்தால் கூடப் பரவாயில்லை, மனிதர் தன்மையாகப் பேசுகிறார். "வேதகிரி, தை முடியிற வரைக்கும் பாக்குறேன். கூட்டம் சேரலைன்னா கொட்டாயப் பிரிச்சுட்டு பரங்கிப்பேட்டைக்கே போயிர்றேன், பாய் யாவாரம் இருக்கு. நீ ஒண்ணு செய்யேன். முன்னால வந்து நில்லு. உன் மூஞ்சியில ஒரு களை இருக்குப்பா. ஆளு தெரிஞ்சா சனம் வரும்."

"அது மட்டும் வேண்டாம் முதலாளி."

"ஏன், அக்கரையில இருக்குற அந்தக் கெழவன் பாத்துருவான்னா?"

கொட்டகை பிரிந்தால் எனக்குப் போக்கிடம் பண்ருட்டி மச்சானின் கடலை மண்டி. அங்கே மூட்டை எண்ணலாம். கிழிந்த குரலை வாயில் வைத்துக்கொண்டு பிழைக்க இந்த ஜில்லாவில் இந்த ஒரு கூம்பை விட்டால் வேறு இடமில்லை. அது போய்விட்டால் நான் என்னவாக இருப்பேன் என்று யோசித்தேன். சாப்பிடப் பிடிக்கவில்லை.

தை 13

நேற்று நடந்ததை எழுதக் கை பரபரக்கிறது.

ஐந்தாவது சுருளுக்கு இரண்டு டப்பா வந்திருக்கிறது. ஒன்றின் மேல் ஏதோ புரியாத எழுத்து. ஒரே சுருளுக்கு இரண்டு பிரதி போலும், ஒன்று தேய்ந்தால் மற்றொன்று என்று நினைத்திருந்தோம். இதுவரை ஓட்டியதில் கீறல் விழுந்துவிட்டதால், "இன்றைக்கு மற்றதைப் போடு" என்று சவரிராயனிடம் சொல்லியிருந்தேன். அவன் பழக்க தோஷத்தில் பழையதையே மாட்டிவிட்டான்.

அக்கினியம்மா குதித்தாள். மணலில் பிணமாகக் கிடந்தாள். மீனவர்கள் தொப்பியைக் கழற்றினார்கள். முன்வரிசையில் ஒரு வெற்றிலைக் கொடிக்கால்காரர், முந்தின நாள் நாடகம் பார்த்த ருசி விடாமல், வேண்டுமென்றே கை தட்டி, "ஒன்ஸ்மோர்!" என்று கத்தினார்.

நாடகத்தில் அது வழக்கம். சாகிற காட்சி நன்றாயிருந்தால் சபை ஒன்ஸ்மோர் கேட்கும். பிணம் எழுந்து, கும்பிடு போட்டு, பாட்டை மறுபடி பாடி, மறுபடி சாகும். நானே ஒரு முறை சேத்தியாத்தோப்பில் ஐந்து தரம் செத்திருக்கிறேன். ஆனால் படத்தைப் பார்த்து யார் ஒன்ஸ்மோர் கேட்பார்கள்? படத்துக்குக் காது உண்டா? எல்லோரும் சிரித்தார்கள்.

அதற்குள் சவரிராயனுக்குத் தான் செய்த தப்பு உறைத்திருக்கிறது. நான் கோபிப்பேன் என்று மற்ற டப்பாவைத் திறந்து மாட்டிச் சுற்றிவிட்டான். திரையில் வெளிச்சம் வந்தது. செத்தவள் கோபுரத்து உச்சியில் முழுசாக நிற்கிறாள்!

சிரிப்பு நின்றுபோயிற்று. குழந்தை ஒன்று வீலென்று கத்தியது. என்ன சொல்வது? வாயைத் திறந்தேன், பதினோரு வருஷப் பழக்கம் தானாக வந்தது.

"சபையோரே! நீங்கள் கேட்டீர்கள், டென்மார்க்கிலிருந்து அக்கினியம்மா அது கேட்டு எழுந்து வந்தாள். கும்பிடுகிறேன் தாய்மார்களே, இன்னொரு தரம் என் கதையைப் பாருங்கள்!"

இந்தத் தடவை அவள் குதிக்கக் கால் எடுக்கிற நேரம் கப்பல்துரை மூச்சு வாங்கப் படியேறி வந்து கையைப் பிடித்துவிட்டான்! பிறகு மாதா கோயில், மாலை, கல்யாணம். எனக்கும் அது அப்போதுதான் தெரியும். வாய்க்கு வந்ததைச் சொல்லி முடித்தேன். கொட்டகை இரண்டு பட்டது. கொடிக்கால்காரர் தலைப்பாகையைக் கழற்றி மேலே வீசினார், அது இன்னும் கிடைக்கவில்லை.

குப்பம்மாள் பின்பக்கம் ஓடி வந்து, "சாவாதேன்னு சொல்லச் சொன்னேனே, இத மொத நாளே சொல்றதுக்கென்ன!" என்று என் தோளில் ஒன்று வைத்தாள். இன்னும் வலிக்கிறது.

தை 15

வண்டிகள், வண்டிகள்! ஆற்று மணலில் அறுபதுக்கு மேல். அரகண்டநல்லூரிலிருந்து ஆட்டம் பார்க்க ஆற்றைத் தாண்டி வருகிறார்கள். அவள் சாகும்வரை ஜனங்கள் பொறுப்பதில்லை. கோபுரப் படியில் கால் வைத்ததுமே "ஒன்ஸ்மோர்" ஆரம்பித்துவிடுகிறது. "கொஞ்சம் இருங்கள், முதலில் சாகட்டும்" என்று நானே கூம்பில் கெஞ்ச வேண்டியிருக்கிறது.

மரைக்காயர் இன்று சாப்பாட்டை எங்களோடு மணலில் உட்கார்ந்து சாப்பிட்டார்.

தை 17

பகல் பன்னிரண்டு மணிக்கு ஒரு வெள்ளைக்காரத் துரைசானி குடையோடு வந்தாள். மிஷன் பெண்கள் பள்ளிக்கூடத்தின் கிரெகர்சன் அம்மாள். முகம் கடுகடுவென்று இருந்தது. முன்ஷி வைத்துத் தமிழ் படித்தவள், பாடப் புத்தகம் பேசுவதைப் போலப் பேசுகிறாள்.

"ஐயா, நான் குற்றம் சொல்ல வந்திருக்கிறேன். என் பள்ளிப் பிள்ளைகள், டென்மார்க்கு தேசத்து ஸ்திரீ ஒருத்தி தினமும் மரித்தோரிலிருந்து எழுந்திருக்கிறாள் என்று சொல்லுகிறார்கள். நானும் டென்மார்க்கு தேசத்து ஸ்திரீ. எங்களுக்கு அப்படி வழக்கமில்லை."

சவரிராயன் சிரிப்பை அடக்க முடியாமல் கூடாரத்துக்கு வெளியே ஓடினான். நான் படப்பெட்டியையும் டப்பாக்களையும் காட்டினேன். பெயரைப் படித்ததும் அம்மாளின் முகம் மாறிவிட்டது. கையிலிருந்த குடை சாய்ந்து என் காலில் விழுந்தது. "அக்னெத்தெயா?" என்றாள். மறுபடி ஒருமுறை படித்தாள்.

சாயங்காலம் வந்து பெண்கள் பக்கம் பாயில் உட்கார்ந்து முழுவதும் பார்த்தாள். பக்கத்தில் குப்பம்மாள். கடைசியில் யார் அதிகம் அழுதது என்று குப்பம்மாளிடம் கேட்டேன். "ரெண்டு பேரும்தான் சாமி. ஆனா அந்தம்மா ஒன்ஸ்மோர் கேட்டுச்சு பாரு, அடேயப்பா, என்னா தொண்டை!"

தை 18

அம்மாள் காலையிலேயே வந்தாள். எனக்குச் சொல்லத் தோன்றியதா, தனக்கே சொல்லிக்கொண்டாளா, தெரியவில்லை. கேட்டதைக் கேட்டபடி எழுதுகிறேன்.

அக்னெத்தெ கோப்பன்ஹேகன் பட்டணத்தில் ரொட்டி சுடுகிறவனின் மகள். எட்டு வயதில் பெரிய நாடகசாலையில் ஆட்டம் கற்கப் போனாள். ஆட்டத்துக்கு அடங்காமல் உயரமாக வளர்ந்துவிட்டாள். சரி, வசனம் பேசட்டும் என்று இருபது வயதில் கதாநாயகி வேஷம் கொடுத்தார்கள். முதல் ராத்திரி, வாயைத் திறந்தால் கரகரவென்று கட்டைக் குரல். மேல்மாடத்தில் யாரோ காக்கையைப் போலக் கத்தினார்கள். சபை முழுக்கச் சிரித்தது.

"அந்த மேல்மாடத்தில் நான் இருந்தேன். எனக்குப் பதினெட்டு வயது. நானும் சிரித்தேன்" என்றாள் அம்மாள்.

நான் டப்பாவின் மூடியைத் திறந்து மறுபடி மூடினேன்.

"அவள் என்ன செய்தாள்?" என்று கடைசியில் கேட்டேன்.

"நாடகத்தை முடித்தாள். ஓடிப் போகவில்லை. பிறகு இரண்டு வருஷம் தட்டு ஏந்துகிற வேலைக்காரி வேஷம், ஒரு வார்த்தையும் இல்லை. அதற்குப் பிறகு படம் எடுக்கிறவர்கள், வெயில் விழும்படி கண்ணாடியால் கட்டிய தங்கள் கொட்டகைக்கு அழைத்தார்கள். அங்கே குரல் தேவைப்படவில்லை. இப்பொழுது பெர்லினிலும் பீட்டர்ஸ்பர்க்கிலும் சுருட்டுப் பெட்டியின்மேல் அவள் முகம். என் தங்கை பத்திரிகைத் துண்டுகளை அனுப்புகிறாள்."

இரண்டு டப்பா விஷயமும் விளங்கிற்று. புரியாத எழுத்து ருஷ்ய எழுத்தாம். ருஷ்யாக்காரர்களுக்கு நன்றாக அழுதுவிட்டு வீட்டுக்குப் போனால்தான் திருப்தியாம், அதனால் அவர்களுக்கென்று சாவு முடிவு தனியாக எடுப்பார்கள். துறைமுகத்தில் எவனோ இரண்டையும் நம் பெட்டியில் போட்டுவிட்டான். ஆக, படம் எடுத்த அன்று காலையில் செத்து மத்தியானம் கல்யாணம் செய்துகொண்டிருக்கிறாள். எங்கள் கம்பெனியை விட மோசம்!

"இடக்கையால் இவ்வளவு அழகாக எப்படி அம்மா..." என்று ஆரம்பித்தேன். "அவள் இடக்கைக்காரி அல்லவே" என்றாள். அப்போதுதான் உறைத்தது. நான் இத்தனை நாளும் துணியின் பின்பக்கத்திலிருந்து அவளை இடம் வலம் மாறிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். வெட்கமாக இருந்தது. அம்மாள் சிரிக்கவில்லை.

தை 19

காலையில் வாயில் மிளகு அடக்கிக்கொள்ள மறந்துவிட்டேன்.

தை 21

மத்தியானமே சவரிராயன் சேதி கொண்டுவந்தான். அக்கரையில் சபை கூடாததால் இன்று நாடகம் இல்லை, கம்பெனி முழுக்க நம் கொட்டகைக்குப் படம் பார்க்க வருகிறதாம். வாத்தியாருக்கு முன்வரிசையில் நாற்காலி போடச் சொல்லிவிட்டார் மரைக்காயர். முக்காலியை இன்னும் ஒரு முழம் பின்னால் தள்ளிப் போட்டேன். துணிக்குப் பின்னால் இருக்கிறவனை யார் பார்க்கப் போகிறார்கள் என்று என்னையே தேற்றிக்கொண்டேன்.

தை 22

நேற்றைய ஆட்டம். ஒன்றும் விடாமல் எழுத வேண்டும்.

அவள் செத்தாள். ஆயிரம் பேர் ஒன்ஸ்மோர் கேட்டார்கள். இரண்டாவது டப்பா மாட்டிற்று, கோபுரத்தில் வந்து நின்றாள். சவரிராயன் கூட்டத்தைப் பார்த்த குஷியில் கைப்பிடியை நிறுத்தி நிறுத்திச் சுற்றியிருக்கிறான். படம் ஒரே இடத்தில் நின்று விளக்குச் சூடு ஏறிவிட்டது. அவள் முகத்தில் ஒரு பழுப்புப் பொட்டு விழுந்து, பெரிதாகி, பொசுங்கிவிட்டது. நல்ல வேளை, மணல் வாளி பக்கத்தில் இருந்தது, தீ அந்தச் சுருளோடு போயிற்று. திரை வெறும் வெள்ளை.

"அக்கினியம்மா எங்க?" என்று ஒரு பெண் குரல். "செத்ததோட சரியா?" என்று இன்னொன்று. விசில், கூச்சல். பெஞ்சுகள் புரளத் தொடங்கின. மரைக்காயர் பின்பக்கம் ஓடி வந்தார். டிக்கெட் காசைத் திருப்பிக் கொடுக்கப் பணப்பையோடு வந்திருந்தார். கொட்டகை இன்றோடு முடிந்தது என்று எனக்குத் தெரிந்தது.

கூம்பைக் கீழே வைத்தேன். துணியை விலக்கிக்கொண்டு முன்னால் போனேன்.

வெளிச்சம் அடித்தது. இரண்டடி தூரத்தில் வாத்தியார். என்னைப் பார்த்ததும் வெற்றிலை மென்ற வாய் அப்படியே நின்றது.

"சபையோரே, இதோ இருக்கிறேன். கோபுரத்தில் நிற்கிறேன்" என்றேன். கூம்பு இல்லாமல் என் குரல் எப்படி இருக்கும் என்று நானே மறந்திருந்தேன். பாதியில் கிழிந்தது.

"யாருய்யா இது, மீசை வச்ச அக்கினியம்மா! காக்கா கத்துறாப்ல!" என்றான் ஒருவன். சிரிப்பு கிளம்பியது. விழுப்புரத்துச் சிரிப்பேதான். கால் பின்னால் போகத் துடித்தது. பொய் சொல்வானேன், ஓடத்தான் பார்த்தேன். அவள் ஓடவில்லை என்பது ஞாபகம் வந்தது.

"ஆமாம், காக்கைக் குரல்தான். அவளுக்கும் இதே குரல்தான். அவள் ஊரில் போய்க் கேட்டுப் பார்."

"யோவ், நீ கேட்டியா?"

அன்றும் படம் பார்க்க வந்திருந்த கிரெகர்சன் அம்மாள் பெண்கள் பக்கத்திலிருந்து எழுந்து நின்றாள். கொட்டகை முழுக்கத் திரும்பிப் பார்த்தது. "நான் கேட்டேன்" என்றாள். "இந்த மனிதன் சொல்லுவது உண்மை. அவள் குரல் இதுவே. நாங்கள் அதைக் கேட்டுச் சிரித்தோம். அது தவறு."

ஊசி விழுந்தால் கேட்கும், கீழே மணலாக இருந்தும்.

நான் மாரில் அடித்துக்கொள்ளவில்லை. பாடவில்லை. அவள் நிற்கிறபடி நின்றேன். கடலைப் பார்த்தேன். "எல்லோரும் என்னை விட்டுப் போனார்கள். எனக்குக் கோபம் இல்லை என்று சொல்லிக்கொண்டு திரிந்தேன். கோபம் இருந்தது. அழுகையும் இருந்தது" என்றேன். இது படத்தில் இல்லாத வசனம், எங்கிருந்து வந்ததோ. "இந்தக் கோபுரத்திலிருந்து குதிக்கலாம் என்று வந்தேன். ஆனால் கீழே இத்தனை பேர் இருக்கிறீர்களே. யாராவது ஏறி வர மாட்டீர்களா?" கையை நீட்டினேன்.

நீட்டிய பிறகுதான் புத்தி வந்தது. கப்பல்துரை பொசுங்கிப்போனான். பிடிக்க ஆள் ஏது? கை அந்தரத்தில் நிற்கிறது. குப்பம்மாள் அழுதுகொண்டே, "யாராச்சும் புடிங்கடா அவள!" என்று கத்தினாள்.

நாற்காலி நகர்ந்தது. தாண்டவராய வாத்தியார் எழுந்தார். அறுபத்தாறு வயது, தொந்தி, வாத நோய். நாற்பது வருஷம் ராஜபார்ட் போட்டவர், மேடையில் நீட்டிய கையை விட்டுவிட அவருக்குத் தெரியாது. இல்லாத படிகளில் ஒவ்வொன்றாக ஏறி, மூச்சு வாங்கி, என் கையைப் பிடித்தார். பிடித்து, "நான் உன்னைக் கைவிட்டது தப்பு, கண்ணே" என்றார். கப்பல்துரையின் வசனம்தான், எங்கள் கதைக்குப் பொருத்தமான வசனம். ஆனால் அதற்குப் பிறகு கையை விடவில்லை. கொட்டகை எழுந்து நின்று கத்தியது எதுவும் என் காதில் சரியாக விழவில்லை. வாத்தியார் அழுதுகொண்டிருந்தார், நானும்தான். தூசி இல்லை. அழுதேன்.

தை 23

வாத்தியார் காலையில் வந்தார். கம்பெனிக்குத் திரும்பி வரச் சொன்னார். "எந்த வேஷம் வேணுமோ எடுத்துக்கடா. அழுவுறதெல்லாம் நான் கத்துக் குடுத்தது. அந்த நிக்கிறது, அத எங்க கத்துக்கிட்ட?"

"வாத்தியாரே, உங்களோடு கோபம் தீர்ந்தது. ஆனால் இங்கே எனக்கு வேலை இருக்கிறது" என்றேன். அவர் கொஞ்ச நேரம் மணலைக் காலால் கிளறிக்கொண்டிருந்தார். பிறகு கொட்டகைக்குள் எட்டிப் பார்த்து, "ஒன்னோட முக்காலி நல்லா இல்ல, என் நாற்காலி ஒண்ணு அனுப்புறேன்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

மத்தியானம் தண்டோராக்காரன் வந்தான். கல்யாணச் சுருள் இல்லை, இனி அந்த முடிவை வசனக்காரரே தினமும் நேரில் நின்று நடித்துக் காட்டுவார் என்று சொல்ல வேண்டுமாம், மரைக்காயரின் உத்தரவு. "வசனக்காரர்னு மட்டும் சொன்னா நல்லாவா இருக்கு? பேரு என்னா சாமி? கோகிலமோ என்னமோன்னு அந்த நாடகக்காரங்க சொன்னாங்களே?"

"கோகிலம் வேண்டாம். வேதகிரி என்று சொல்."

அவன் தப்புப் பறையை அடித்துக்கொண்டு மேலவீதிக்குள் நுழைந்தான். டென்மார்க்கு அக்கினியம்மா, திருக்கோவிலூர் ஆற்று மணலில் வேதகிரி என்று தெருக்கோடி வரை அவன் கத்துவது கேட்டது. அவன் போகட்டும், நான் இங்கேயே இருப்போம் என்றுதான் முதலில் நினைத்தேன். செருப்பை மாட்டிக்கொண்டு நானும் பின்னாலேயே போனேன்.